பழைய பிலிம் சுருள் கையில் கிடைத்தால்: டர்பன் வீட்டு அலமாரியிலிருந்து ஆவணப்படம் வரை

தென்னாப்பிரிக்காவுக்குத் தொலைக்காட்சி வந்ததே 1976-ல்தான். அதற்கு முன்னால் இங்கே வாழ்ந்த தமிழர்கள், நம் ஆட்கள், எப்படி நடந்தார்கள், எப்படிக் காவடி எடுத்தார்கள், கடைத்தெருவில் எப்படி நின்றார்கள் என்பதை அசையும் படமாகப் பார்க்க இரண்டு இடங்கள்தான் உண்டு. ஒன்று, தியேட்டரில் படத்துக்கு முன்னால் ஓட்டிய செய்திப் படங்கள். 1913-ல் தொடங்கிய ‘ஆஃப்ரிக்கன் மிரர்’ அதில் பெரிய பெயர். ஆனால் அந்தக் கேமராக்கள் நம் பக்கம் திரும்பியது குறைவு. திரும்பினாலும் வேடிக்கை பார்க்கிற கண்ணோடுதான். இன்னொன்று, கடை வைத்திருந்தவர்களும் ஆசிரியர்களும் டாக்டர்களும் கையில் நாலு காசு சேர்ந்ததும் வாங்கிய சின்னக் கேமராவில் பிடித்து வைத்த சுருள்கள். கல்யாணம், புதுக் கார், கப்பலேறிப் போகும் மாமா, கோயில் தேர்.

மகசின் பேரக்ஸ் இன்று இல்லை. டர்பன் நகராட்சிக்கு உழைத்த தமிழ், தெலுங்குக் குடும்பங்கள் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த இடம் அது. எந்த இனத்தவர் எங்கே குடியிருக்கலாம் என்று பிரித்த, 1950-ல் வந்த குழுப் பகுதிச் சட்டத்துக்குப் பிறகு, டர்பனின் இன்னொரு பகுதியான கேட்டோ மேனரிலிருந்தும் ஆயிரக்கணக்கான குடும்பங்களைக் கிளப்பி சாட்ஸ்வொர்த்துக்கு அனுப்பினார்கள். இடித்துப்போட்ட அந்தத் தெருக்கள் யாரோ ஒரு தாத்தாவின் 8 மி.மீ. சுருளில் இன்னும் அசைந்துகொண்டிருக்கலாம். அதனால்தான் இதை எழுதுகிறேன். இந்த வேலையில் முன் அனுபவம் எதுவும் இல்லாத, ஆனால் வீட்டில் ஒரு டப்பா சுருளைக் கண்டெடுத்தவர்களுக்கான வழிகாட்டி இது.

முதலில் ஒன்று: ஓட்டிப் பார்க்காதீர்கள்

சுருள் கிடைத்ததும் எல்லாருக்கும் வரும் ஆசை, தாத்தாவின் புரொஜெக்டரைத் தூசி தட்டி எடுத்து ஒரு முறை ஓட்டிப் பார்க்கலாமே என்பது. வேண்டாம். வயதாக ஆக பிலிம் சுருங்கும். நூற்றுக்கு ஒரு பங்கு சுருங்கினாலே புரொஜெக்டரின் பற்கள் துளைகளில் சரியாக உட்காராது. துளைகளைக் கிழித்துக்கொண்டே போகும். விளக்கின் சூடு வேறு. சில விநாடி மாட்டிக்கொண்டாலே அந்தச் சட்டம் (பிலிமில் உள்ள ஒரு தனிப் படம், அதாவது ஃபிரேம்) கருகிப் போகும். அறுபது வருஷம் தாங்கியதை ஒரு மாலைப் பொழுதில் இழந்த குடும்பங்கள் உண்டு.

பார்க்க வேண்டும் என்றால் வேறு வழி இருக்கிறது. டேப்லெட்டில் வெறும் வெள்ளைத் திரையைப் போடுங்கள். அதற்கு மேலே, கண்ணாடியில் படாமல், பிலிமின் முதல் சில அடிகளை விளிம்பில் பிடித்து நீட்டி, போனை அருகில் வைத்துப் படம் எடுங்கள். முகம் தெரியும் அளவுக்கு வந்துவிடும். இப்போதைக்கு அது போதும்.

கையில் இருப்பது என்ன பிலிம்?

அகலத்தை ஸ்கேல் வைத்து அளந்து பாருங்கள். வீடுகளில் கிடைப்பது பெரும்பாலும் 8 மி.மீ.; சிலரிடம் 16 மி.மீ. இருக்கும். 8 மி.மீ.-லும் இரண்டு வகை. 1932-ல் வந்த சாதா 8-க்குத் துளை பெரிது, சட்டத்துக்கும் சட்டத்துக்கும் இடையில் இருக்கும். 1965-ல் வந்த சூப்பர் 8-க்குத் துளை சின்னது, சட்டத்தின் நடுப்பகுதிக்கு நேராக இருக்கும். படமும் கொஞ்சம் பெரிது. இது தெரிந்தாலே ஒரு தேதி கிடைத்துவிடுகிறது: சூப்பர் 8 என்றால் 1965-க்கு முன்னால் எடுத்திருக்க முடியாது. துளை நட்ட நடுவில் ஒற்றையாக இருந்தால் அது 9.5 மி.மீ.; அபூர்வம், பத்திரமாக வையுங்கள்.

50 அடிச் சுருள் ஒன்று சூப்பர் 8-ல் 3 நிமிடம் 20 விநாடி ஓடும். சாதா 8-ல் நாலு நிமிடத்துக்குச் சற்று மேல். எத்தனை சுருள் இருக்கிறது என்று எண்ணிவிட்டால் மொத்தம் எவ்வளவு நேரம் என்று இப்போதே கணக்குப் போடலாம். பிறகு ஸ்கேன் செலவை, அதாவது பிலிமைக் கம்ப்யூட்டர் கோப்பாக மாற்றும் செலவை, பேச அது உதவும்.

35 மி.மீ. சுருள் கிடைத்தால், அதுவும் 1950-களின் தொடக்கத்துக்கு முந்தியது என்று சந்தேகம் இருந்தால், அங்கேயே நிறுத்துங்கள். அது நைட்ரேட் பிலிமாக இருக்கலாம். பற்றிக்கொண்டால் தண்ணீருக்குக் கூட அணையாது. வீட்டில் வைக்காமல், நீங்களே காரில் தூக்கிப்போட்டுக்கொண்டும் போகாமல், பிரிட்டோரியாவில் உள்ள தேசியத் திரைப்பட, வீடியோ, ஒலி ஆவணக் காப்பகத்தைக் கேட்டு அவர்கள் சொல்கிறபடி செய்யுங்கள். 8, 16 மி.மீ. வீட்டுப் பிலிம்களுக்கு இந்தப் பயம் இல்லை. அவை பாதுகாப்பான அசிட்டேட் வகை.

மூக்கை நம்புங்கள்

அசிட்டேட்டுக்கு வேறொரு நோய் உண்டு. டப்பாவைத் திறந்ததும் ஊறுகாய் ஜாடியைத் திறந்தது போலக் காடி வாடை மூக்கில் ஏறினால் அது தொடங்கிவிட்டது. பிலிமின் அடித்தளம் சிதைந்து அசெட்டிக் அமிலம் வெளியாகிறது. அந்த அமிலமே சிதைவை இன்னும் வேகமாக்கும். பிலிம் சுருங்கும், கோணும், கடைசியில் மொறுமொறுத்து உடையும். இதைக் குணப்படுத்த வழி கிடையாது. குளிரில் வைத்து மெதுவாக்கலாம், அவ்வளவுதான். மிதமான சூடும் மிதமான ஈரமும் உள்ள அறையில் புதுப் பிலிமுக்கே இது வர சுமார் 40, 50 வருஷம் ஆகும் என்று கணக்கிட்டிருக்கிறார்கள். டர்பனின் புழுக்கத்தில், தகரக் கூரைக்கு அடியில், அதற்கும் முன்னாலேயே வரும். ஜோகனஸ்பர்க் லெனேசியாவில் இருந்த சுருள்கள், அந்த ஊர்க் காற்று வறண்டது என்பதால், பொதுவாக நல்ல நிலையில் இருக்கும்.

வாடை வரும் சுருளை மற்றவற்றோடு ஒரே பெட்டியில் போடாதீர்கள். அந்த ஆவி பக்கத்துச் சுருளையும் கெடுக்கும். முடிந்தால் அமில அளவைக் காட்டும் ஏ-டி தாள்களை வாங்குங்கள். நீலத் தாளை ஒரு நாள் டப்பாவுக்குள் வைத்தால், அமிலம் இருந்தால் பச்சைக்கும் மஞ்சளுக்கும் மாறும். நிறம் மஞ்சளை நெருங்க நெருங்க நிலைமை மோசம். எந்தச் சுருளை முதலில் ஸ்கேனுக்கு அனுப்புவது என்பதை இந்தத் தாள்தான் சொல்லும். தேர்க்காட்சி நன்றாக இருக்கிறது, அதை முதலில் அனுப்பலாம் என்று நினைக்காதீர்கள். செத்துக்கொண்டிருப்பது எதுவோ அது முதலில்.

வெள்ளையாகவோ பச்சையாகவோ பூஞ்சை படர்ந்திருந்தால் முகக்கவசம் போட்டுக்கொண்டு, வீட்டுக்குள் திறக்காமல், அப்படியே உறையில் போட்டுத் தனியாக வையுங்கள். ஈரத் துணியால் துடைக்கவே கூடாது. படம் பதிந்திருக்கும் ஜெலட்டின் பரப்பைப் பூஞ்சை ஏற்கெனவே தின்றிருக்கும். தண்ணீர் பட்டால் மிச்சமும் கரைந்து துணியோடு வந்துவிடும். துடைப்பது பிலிமைச் சுத்தம் செய்து ஸ்கேன் செய்யும் லேப் செய்ய வேண்டிய வேலை.

மேசை, கை, டப்பா

சுத்தமான மேசை, மேலே வெளுத்த துணி, நல்ல வெளிச்சம். மேசைக்குப் பக்கத்தில் டீயும் வேண்டாம், பிள்ளைகளும் வேண்டாம். பிலிமை விளிம்பில் மட்டும் பிடியுங்கள். பளபளப்பான பக்கம் அடித்தளம். மங்கலான பக்கத்தில்தான் படம் இருக்கிறது, அதில் விரல் படக் கூடாது. சுற்ற வேண்டுமானால் கையால் சுற்றும் ரீவைண்டர் போதும். மோட்டார் வேண்டாம். எங்கேயாவது பழைய ஒட்டு விட்டுப்போயிருந்தால் கட்டாயம் தெரிய வேண்டும், அதற்குக் கை வேகம்தான் சரி. வீட்டில் இருக்கும் சாதா செல்லோடேப்பைப் போட்டு ஒட்டாதீர்கள். பசை கசிந்து அடுத்த சுற்றோடு ஒட்டிக்கொள்ளும்.

துருப்பிடித்த தகர டப்பாவிலிருந்து சுருளை எடுத்துப் பாலிப்ரொப்பிலீன் டப்பாவுக்கு மாற்றுங்கள். ஆனால் பழைய டப்பாவையோ அட்டைப் பெட்டியையோ குப்பையில் போட்டுவிடாதீர்கள். இதை அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. கோடாக் லேபிலிருந்து தபாலில் திரும்பி வந்த மஞ்சள் பெட்டியில் தபால் முத்திரை இருக்கும், பழைய முகவரி இருக்கும். அந்த முகவரி இன்று இல்லாத தெருவாக இருந்தால், குடும்பம் எங்கிருந்து பெயர்ந்து போனது என்பதற்கு அந்த அட்டையே சாட்சி. மூடியில் தாத்தா பென்சிலால் கிறுக்கியிருப்பார். எல்லாப் பக்கத்தையும் போனில் படம் எடுங்கள். எழுத்துப் பிழையோடு எழுதியிருந்தால் பிழையோடேயே குறித்துக்கொள்ளுங்கள். திருத்த வேண்டாம்.

ஸ்கேன்: லேபிடம் என்ன கேட்பது

சுவரில் படத்தை ஓட்டி அதை வீடியோவாக எடுப்பது ஸ்கேன் இல்லை. மேசையில் வைக்கும் மலிவான கருவிகள் ஒவ்வொரு சட்டமாக எடுக்கும், சரி, ஆனால் கோப்பைக் கடுமையாகச் சுருக்கிவிடும், ஓரங்களை வெட்டும். குடும்ப வாட்ஸப்புக்கு அது போதும். ஆவணப்படத்துக்குப் போதாது.

லேபைத் தேர்ந்தெடுக்கும்போது பற்சக்கரம் இல்லாமல் உருளைகளால் பிலிமை நகர்த்தும் கருவியா என்று முதலில் கேளுங்கள். சுருங்கிய பிலிமுக்கு அதுதான் பாதுகாப்பு. துளைகளும் ஓரமும் தெரியும்படி கொஞ்சம் அகலமாக ஸ்கேன் செய்யச் சொல்லுங்கள். ஓரத்தில் பிலிம் தயாரித்த ஆண்டுக்கான குறிகள் இருக்கும். கோடாக் வட்டம், சதுரம், முக்கோணம் போட்டு ஆண்டைக் குறித்தது. அந்தக் குறிகள் 20 ஆண்டுக்கு ஒரு முறை திரும்ப வரும் என்பதால் தனியாக அதை வைத்தே முடிவுக்கு வர முடியாது. அது பிலிம் தயாரான ஆண்டு, படம் பிடித்த ஆண்டு இல்லை என்பதையும் நினைவில் வையுங்கள்.

படத்தின் நுணுக்க அளவை 2கே, 4கே என்பார்கள்; எண் பெரிதானால் நுணுக்கம் அதிகம். 8 மி.மீ.-க்கு 2கே போதும். 16 மி.மீ.-க்கு முடிந்தால் 4கே. கோப்பு, எடிட்டர்கள் பயன்படுத்தும் வீடியோ வடிவமான புரோரெஸ் 422 எச்கியூ-விலோ அதற்கு மேலோ இருக்கட்டும். எஃப்எஃப்வி1 தெரிந்த லேப் கிடைத்தால் இன்னும் நல்லது, அது தரம் குறையாமல் சுருக்கும் திறந்த வடிவம். வேகத்தை மாற்றாமல் சட்டத்துக்குச் சட்டம் கேளுங்கள். மௌனப் படங்கள் பெரும்பாலும் விநாடிக்கு 16 அல்லது 18 சட்டத்தில் எடுத்தவை. இந்த நாட்டு டிவி 25-ல் ஓடுகிறது. அப்படியே போட்டால் சாமி ஊர்வலம் ஓட்டப்பந்தயம் போலத் தெரியும். பழைய படத்தில் நம் ஆட்கள் கேலிக்குரியவர்களாகத் தோன்றுவது பல நேரம் இந்த ஒரு காரணத்தால்தான். அவர்களுக்குரிய மரியாதையான நடையைத் திருப்பிக் கொடுப்பது எடிட்டர் கையில் இருக்கிறது.

நிறம் திருத்தாத கோப்பு ஒன்று, திருத்தியது ஒன்று, இரண்டும் வாங்குங்கள். கோடாக்கின் கலர் பிலிமான கோடாக்ரோம் இருட்டில் இருந்திருந்தால் அம்மன் சேலையின் சிவப்பு இன்றும் அப்படியே நிற்கும். மற்ற பல வகைகள் வெளிறி எல்லாமே ரோஸ் நிறமாகியிருக்கும். கம்ப்யூட்டரை வைத்துக் கூர்மையாக்குவது, கறுப்பு வெள்ளைக்கு நிறம் பூசுவது, இல்லாத சட்டங்களை உண்டாக்குவது எதையும் மூலக் கோப்பில் செய்ய விடாதீர்கள். இயந்திரம் உண்டாக்கிய முகம் நம் பெரியப்பாவின் முகம் இல்லை.

ஸ்கேன் ஆனதும் சுருளைத் தூக்கிப்போடுகிறவர்களும் இருக்கிறார்கள். கூடவே கூடாது. பத்து வருஷத்தில் இதைவிட நல்ல கருவி வரும், அப்போது மறுபடி ஸ்கேன் செய்ய சுருள் வேண்டும்.

யார், எங்கே, எப்போது

என்னைக் கேட்டால் இந்த முழு வேலையிலும் அவசரமானது இதுதான். குளிரில் வைத்த சுருள் இன்னும் பல வருஷம் காத்திருக்கும். அதில் இருப்பவர்களை அடையாளம் சொல்லக்கூடிய பெரியவர்கள் காத்திருக்க மாட்டார்கள். அடையாளம் இல்லாத காட்சிக்கு ஆவணப்படத்தில் நேரும் கதி எனக்குப் பிடிப்பதில்லை: நம் முன்னோர் ஒப்பந்தக் கூலிகளாக முதலில் வந்திறங்கிய 1860 பற்றிப் பேசும் குரலுக்கு அடியில் 1960-ன் கரும்புக் காடு ஓடும், டோங்காட் ஊர்க் கோயிலுக்குப் பதிலாக அம்ஸிண்டோ ஊர்க் கோயில் நிற்கும். பார்ப்பவர் எல்லாவற்றையும் ‘அந்தக் காலத்து இந்தியர்கள்’ என்று ஒரே மூட்டையாகக் கட்டிவிடுவார்.

லேப்டாப்பில் போட்டுக் காட்டும்போது “இது யார்?” என்று முகங்களைப் பற்றியே கேட்காதீர்கள். சாட்ஸ்வொர்த்தில் எண்பதைத் தாண்டிய ஓர் ஆயாவுக்கு ஒரு சாதா 8 சுருளைக் காட்டினோம். முகம் முகமாக நிறுத்திக் கேட்டோம். “தெரியலப்பா, தெரியலப்பா” என்றே சொல்லிக்கொண்டிருந்தார். அப்புறம் ஓரத்தில் ஒரு குழாயடி வந்து போனது. “நிறுத்து. பின்னால போ” என்றார். “இது எங்க பேரக்ஸ் பைப்பு. வாளி தூக்குறது எங்க பெரியம்மா. சேலைய அப்படித்தான் இழுத்துச் சொருகுவாங்க.” முகம் அந்தக் காட்சியில் தெரியவே இல்லை, முதுகுதான் தெரிந்தது. அங்கிருந்து வரிசையாக யார் வீடு, யார் எந்த ஆண்டு சாட்ஸ்வொர்த்துக்குப் போனார்கள் என்று அவர் சொல்லச் சொல்ல, எங்களுக்கு எழுதக் கை போதவில்லை. இடத்தைக் கேளுங்கள், வேலையைக் கேளுங்கள், பாத்திரத்தைக் கேளுங்கள். ஆட்கள் தானாக வருவார்கள்.

பேசுவதை முழுவதும் ஒலிப்பதிவு செய்யுங்கள், அவர்கள் சம்மதத்தோடு. நீங்களாகப் பெயர் எடுத்துக் கொடுக்காதீர்கள். “இது கிளேர்வுட் கோயில்தானே?” என்று கேட்டால் வயதானவர்கள் மரியாதைக்காக “ஆமாம்” என்றுவிடுவார்கள்.

காலத்தைக் கண்டுபிடிக்கக் காட்சிக்குள்ளேயே துப்பு கிடைக்கும். கடை விலைப் பலகையில் ஷில்லிங் இருந்தால் பெரும்பாலும் 1961 பிப்ரவரிக்கு முன்னால். அந்த மாதம்தான் ராண்ட் வந்தது. விக்டோரியா தெருவில் பழைய இந்தியன் மார்க்கெட் நின்றால், அது எரிந்துபோன 1973-க்கு முன்னால். மாதத்தைக் கண்டுபிடிக்க நம் பண்டிகைகள் இருக்கின்றன. ஆடிக் கஞ்சி ஊற்றுகிறார்கள் என்றால் இங்கே அது குளிர்காலம், பிள்ளைகள் ஜெர்சி போட்டிருப்பார்கள். காவடி என்றால் தைப்பூசமா சித்திரைக் காவடியா என்று கேட்க வேண்டும், இரண்டும் இங்கே உண்டு. இசிப்பிங்கோ மாரியம்மன் கோயிலில் பெருங்கூட்டம் என்றால் ஈஸ்டரை நினையுங்கள்.

எழுதி வைக்கும்போது தாளில் மேலிருந்து கீழாக மூன்று பத்தி (நெடுவரிசை) போடுங்கள். சுருளிலோ பெட்டியிலோ எழுதியிருந்தது ஒன்றில். ஒருவர் சொன்னது, யார் சொன்னார் என்பதோடு, இரண்டாவதில். நாம் ஊகித்தது மூன்றாவதில். இந்த மூன்றையும் கலந்து “1958, மகசின் பேரக்ஸ்” என்று ஒரே வரியாக எழுதிவிட்டால் எது சாட்சி, எது யூகம் என்று பிறகு யாராலும் பிரிக்க முடியாது. நேர்மையான ஆவணப்பட இயக்குநர் உங்களிடம் முதலில் கேட்பது அந்தத் தாளைத்தான்.

கோப்பும் சுருளும் எங்கே இருக்க வேண்டும்

ஒரு சூப்பர் 8 சுருளுக்கு மூன்று நாலு ஜிபி ஆகும் என்று வைத்துக்கொள்ளுங்கள். மூன்று பிரதி: இரண்டு வேறு வேறு ஹார்ட் டிஸ்க், ஒன்று வேறு ஊரில். மகள் கேப்டவுனில் இருந்தால் அங்கே. ஒவ்வொரு கோப்புக்கும் அதன் கைரேகை போன்ற எம்டி5 எண்ணைக் கம்ப்யூட்டரில் எடுத்து வைத்தால், வருஷத்துக்கு ஒரு முறை சரிபார்த்து எதுவும் கெடவில்லை என்று உறுதி செய்யலாம். ஐந்து வருஷத்துக்கு ஒரு தடவை புது டிஸ்க்குக்கு மாற்றுங்கள்.

சுருளுக்கு வீட்டின் நடு அறை நல்லது. அலமாரி உச்சியும் கராஜும் சூடு; தரையில் வைத்தால் வெள்ளம் வந்து நனைக்கும். 2022 ஏப்ரலில் டர்பன் என்ன பாடு பட்டது என்று நமக்குத் தெரியும், ஆகவே இடுப்பு உயரத்துக்கு மேல். காடி வாடை வரும் சுருளை மட்டும், சிலிக்கா ஜெல் போட்டு இரண்டு உறையில் இறுக்கி மூடி, ஃபிரிட்ஜில் வைக்கலாம். மின்சாரம் போய்ப் போய் வரும் வீட்டில் ஃப்ரீசரை நம்ப வேண்டாம். ஐஸ் உருகி ஈரம் பட்டால் பிலிமுக்குக் கெடுதல். வெளியே எடுத்தால் உறையைப் பிரிக்காமல் ஒரு நாள் வையுங்கள், இல்லையென்றால் வியர்த்துவிடும்.

உங்களால் முடியாது என்றால் வெட்கப்பட எதுவும் இல்லை. பிரிட்டோரியா காப்பகம் இருக்கிறது. வெஸ்ட்வில்லில் குவாசுலு-நட்டால் பல்கலைக்கழகத்தின் காந்தி-லுதுலி ஆவண மையம் இருக்கிறது. டர்பனில் 1860 பாரம்பரிய மையம் இருக்கிறது. கொடுப்பதற்கு முன்னால் பிலிமைக் குளிரில் வைக்க இடம் உண்டா, ஸ்கேன் பிரதி குடும்பத்துக்குக் கிடைக்குமா என்று கேளுங்கள்.

ஆவணப்படக்காரர் வந்து கேட்டால்

சுருள் உங்கள் வீட்டில் இருப்பதால் மட்டும் பதிப்புரிமை உங்களுடையது ஆகாது. 1978-ஆம் ஆண்டின் 98-ஆம் எண் பதிப்புரிமைச் சட்டத்தின்படி அது படம் எடுக்க ஏற்பாடு செய்தவரிடம், வீட்டுப் படம் என்றால் பெரும்பாலும் படம் பிடித்தவரிடம், தொடங்கி வாரிசுகளுக்குப் போகிறது. தாத்தா போய்விட்டார் என்றால் சித்தப்பா, அத்தை எல்லாருடைய கையெழுத்தும் உள்ள ஒரு கடிதம் இப்போதே வாங்கி வையுங்கள். எல்லாரும் சமாதானமாக இருக்கும்போது வாங்குவது சுலபம். சாவு வீடு, அருள் வந்து ஆடும் பெண்கள் போன்ற காட்சிகளை அந்தக் குடும்பங்களைக் கேட்காமல் கொடுக்காதீர்கள். கோயில் கமிட்டியையும் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள்.

மூலச் சுருளைப் படம் எடுக்க வருபவர் யாரிடமும் கொடுத்தனுப்பாதீர்கள், எவ்வளவு பெரிய நிறுவனமாக இருந்தாலும் சரி. ஸ்கேன் கோப்பின் பிரதியையும் அந்த மூன்று பத்தித் தாளையும் கொடுங்கள். எந்தப் படத்துக்கு, எத்தனை வருஷத்துக்கு, எந்த நாடுகளில் காட்டலாம் என்பதைக் கடிதத்தில் எழுதுங்கள். காட்சி வேறு ஊர் என்றோ வேறு காலம் என்றோ காட்டப்படக் கூடாது என்று ஒரு வரி சேர்த்துக்கொள்ளுங்கள். படம் பிடித்தவர் பெயர் கடைசி எழுத்தோட்டத்தில் எப்படி வர வேண்டும் என்பதை, நீங்கள் விரும்பும் எழுத்திலேயே, அந்தக் கடிதத்தில் எழுதிக் கையெழுத்து வாங்குங்கள்.